விற்றுப்போன அப்பா

எங்கள் கடைக்கு வந்துபோன ஒருவருடைய பெயருக்கும் இதுவரை கெட்ட அர்த்தம் வந்ததில்லை. ஒன்பது வருஷமாக அங்கே வேலை பார்க்கிறேன், அதனால் இதைத் தைரியமாகச் சொல்லலாம். பிறந்த குழந்தையின் பெயரென்றால் ஒளி, வெற்றி, கருணை, இந்த மூன்றில் ஒன்று. குடும்பப் பெயரென்றால் தளபதி, மந்திரி, கவிஞர், அரசவை வைத்தியர், இந்த நான்கில் ஒன்று. இந்த ஊரில் இத்தனை தளபதிகளின் வாரிசுகள் இருந்தும் பஸ்ஸில் ஏற வரிசையில் நிற்கத் தெரியவில்லையே என்று எனக்குத் தினமும் ஆச்சரியம்தான்.

கடை, ஷாப்பிங் காம்ப்ளெக்ஸின் இரண்டாவது மாடியில், எஸ்கலேட்டர் முடிகிற இடத்தில் இருக்கிறது. ஒரு பக்கம் சாவி நகல் எடுப்பவர், மறுபக்கம் போன் கவர் விற்பவர், நடுவில் நாங்கள். வெளியே 'பெயர் ஆய்வு மையம்' என்று போர்டு. முன்பக்கம் முதலாளி உட்கார்ந்திருப்பார். என்னைவிடப் பத்து வயது சின்னவர். இதற்கு முன்னால் தண்ணீர் சுத்திகரிக்கும் மெஷின் விற்றுக்கொண்டிருந்தார், அந்தப் பேச்சுத்திறமை அப்படியே இருக்கிறது. பின்பக்கம் பிளைவுட் தடுப்பு, அதில் ஒரு திரை, திரைமேல் 'ஆய்வுப் பிரிவு, அனுமதி இல்லை' என்ற அட்டை. ஆய்வுப் பிரிவு என்பது நான், ஒரு பிரின்டர், தடிமனான ஒரு பழைய பெயர் அகராதி, ஒரு ஹேர் டிரையர், ஒரு பிளாஸ்க் கறுப்புத் தேநீர். தேநீர் எனக்கில்லை, காகிதத்துக்கு. அச்சடித்த தாளில் பஞ்சால் ஒற்றி, ஹேர் டிரையரால் காயவைத்து, ஓரத்தை லைட்டரால் லேசாகக் கருக்கினால் அரை மணி நேரத்தில் முந்நூறு வருஷம் ஆகிவிடும். கடைசியில் சிங்க முத்திரை, பிறகு ஒரு பிரேம். அந்தச் சிங்கத்தை முதலாளி ஒரு பிஸ்கட் டப்பாவிலிருந்து வரைந்தெடுத்தார்.

அகராதியைப் பற்றி ஒரு வார்த்தை சொல்ல வேண்டும், ஏனென்றால் அந்தக் கடையில் யோக்கியமான பொருள் அது ஒன்றுதான். யாரோ ஒரு மனுஷன் வாழ்நாள் முழுக்க உட்கார்ந்து எழுதியது. அதன்படி பார்த்தால் குடும்பப் பெயர்கள் நாலு வழியில்தான் வரும். செய்த வேலை, குடியிருந்த இடம், அப்பன் பெயர், இல்லாவிட்டால் உடம்பில் இருந்த ஏதாவது கோளாறு. பெரிய மூக்கன், நொண்டி, ஓயாமல் பேசுகிறவன், இப்படி. பதிவு எழுத வந்த குமாஸ்தா வாசலில் நின்று பார்த்து, கண்ணில் பட்டதை எழுதிவிட்டுப் போயிருக்கிறான். அவ்வளவுதான் வம்ச வரலாறு.

"அக்கா, யார் அக்கா கடை தேடி வந்து மூக்கை வாங்குவாங்க?" என்றார் முதலாளி, நான் சேர்ந்த முதல் வாரம்.

அன்றிலிருந்து பெரிய மூக்கர்கள் எல்லாரும் எதிரியின் வாசனையைத் தூரத்திலேயே பிடித்த ஒற்றர் தலைவர்களின் வழிவந்தவர்கள் ஆனார்கள். நொண்டிகள் போர்க்களத்தில் காயம்பட்டார்கள். ஓயாமல் பேசியவர்கள் தூதுவர்கள்.

இதில் ஒரே ஒரு கட்டுப்பாடு உண்டு. ஒரு கதையை ஒரே ஊரில் இரண்டு பேருக்கு விற்கக் கூடாது. ஆரம்பத்தில் இது தெரியாமல் ஒரே மந்திரியை இரண்டு குடும்பங்களுக்குக் கொடுத்துவிட்டோம். அவர்கள் மாமனும் மச்சானும். ஒரு பிறந்தநாள் விருந்தில் இரண்டு பிரேமும் ஒன்றையொன்று பார்த்துக்கொண்டன. மச்சானுக்கு ஒரு பல் போனது. அதற்குப் பிறகு முதலாளி ஒரு நோட்டுப் போட்டார். 'விற்ற கதைகள்' என்று மேலே எழுதி, எந்தக் கதை எந்த வீட்டுக்குப் போனது என்று குறித்து வைப்பார். அந்த நோட்டு விஷயத்தில் மட்டும் அவர் நீதிபதி மாதிரி.

என்னுடைய குடும்பப் பெயரையும் முதல் நாளே அகராதியில் பார்த்துவிட்டேன். சுமை தூக்குகிறவர். எனக்கு அதிர்ச்சி ஒன்றும் இல்லை. அப்பா படகுத்துறையில் சுமை தூக்கினார், அவருடைய அப்பாவும் அதையே தூக்கினார். கல்யாணத்துக்குப் பிறகும் நான் அந்தப் பெயரையே வைத்துக்கொண்டேன். என் வீட்டுக்காரர் பெயருக்குப் பின்னால் எழுத எதுவும் இல்லாத வம்சம், அதனால் சண்டையில்லை. எங்கள் மகளுக்கும் என் அப்பாவின் குடும்பப் பெயர்தான்.

இனி அப்பா கதை. ஆற்றில் வெள்ளம் வந்த ஒரு காலையில் பயணிகள் படகு ஒன்று துறைக்குக் கொஞ்சம் முன்னால், வளைவில் இருந்த உடைந்த தூணில் மாட்டிக்கொண்டது. அப்பா இடுப்பில் ஒரு கயிற்றைக் கட்டி, மீதியை இடது கையில் சுற்றிக்கொண்டு, தண்ணீரில் இறங்கினார். காலையிலிருந்து மத்தியானம் வரை நின்று முப்பத்தேழு பேரைக் கரையேற்றினார். கயிறு அறுத்ததில் இடது கையில் சுண்டு விரலும் மோதிர விரலும் போயின. மறுநாள் துறை அலுவலகத்திலிருந்து அவருக்கு ஒரு நோட்டீஸ் வந்தது. முன்னறிவிப்பின்றி வேலைக்கு வராததற்கு விளக்கம் தரும்படி. அதை மடித்துச் சட்டைப் பையில் வைத்தார். கோபமாக வைத்தாரா பெருமையாக வைத்தாரா என்று எனக்குத் தெரியாது, அவர் பேசுகிற ஆளில்லை. மூன்று வருஷத்துக்கு முன்னால் அவர் இறந்தபோது தலையணைக்கடியில் இருந்தது அது. இப்போது என் கைப்பையில் இருக்கிறது.

அப்பா போன நாலாம் நாளே என்னை வேலைக்குக் கூப்பிட்டுவிட்டார்கள். ஒரு டைல்ஸ் கடைக்காரர் புதுக் கிளை திறக்கிறார், அன்று சாயங்காலத்துக்குள் வம்ச வரலாறு வேண்டும், ரொம்பப் பெரிய பிரேம். அவர் பெயருக்கு அகராதி சொன்னது, வளைவில் குடியிருப்பவர். அந்த ஒரு வார்த்தையைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தேன். வளைவு என்றதும் எனக்கு ஆற்று வளைவுதான் வந்தது, ஆறு வந்ததும் அப்பா வந்துவிட்டார். அழுதுகொண்டே டைப் அடித்தேன். முப்பத்தேழு பயணிகளை முப்பத்தேழு வீரர்களாக்கினேன், கயிறு அறுத்த விரல்களை எதிரியின் வாளுக்குக் கொடுத்தேன், அப்பாவைத் தளபதியாக்கினேன். தேநீரை ஒற்றினேன், ஓரத்தைக் கருக்கினேன், சிங்கத்தை அடித்தேன். முதலாளி படித்துவிட்டு, "அக்கா, உங்க கைவண்ணத்துலயே இதுதான் டாப்" என்றார். துக்கத்தில் இருக்கிற மனுஷி செய்த பைத்தியக்காரத்தனம் என்று நானும் மறந்துவிட்டேன்.

என் மகள் கண்ணாடிக் கடையில் லென்ஸ் பொருத்துகிறாள். ஒரு பையன் ஒரே மாதத்தில் மூன்று முறை கண்ணாடியை உடைத்துக்கொண்டு வந்திருக்கிறான். மூன்றாவது முறை, "நீங்க கண்ணாடியை உடைக்காமலே வரலாம்" என்று இவள் சொல்லியிருக்கிறாள். விஷயம் அதோடு முடிந்துவிட்டது, அதாவது எங்களுக்கு ஆரம்பித்துவிட்டது. பையன் நல்லவன், தன் சாப்பாட்டுத் தட்டைத் தானே கழுவுகிறவன். ஆனால் அவன் அப்பா டைல்ஸ் கடைக்காரர்.

கல்யாணம் பேச அவர்கள் வீட்டுக்குப் போனோம். என் வீட்டுக்காரரும் வந்தார். அவர் பேச வேண்டிய இடத்தில் எல்லாம் இருமுவார், அது அவர் வழக்கம். ஹாலில் தரை, சுவர், மாடிப்படி எல்லாமே டைல்ஸ். நடுச் சுவரில், தனி விளக்கு போட்டு, என் அப்பா.

பக்கத்தில் போய்ப் படித்தேன். ஒவ்வொரு வரியும் நான் அடித்தது. டைல்ஸ்காரர் என் பார்வையைக் கவனித்துப் பூரித்துப்போனார்.

"படிங்கம்மா, நல்லா படிங்க. எங்க வம்சம் அது. மூணு பல்கலைக்கழகம் சேர்ந்து ஆராய்ச்சி பண்ணிக் கண்டுபிடிச்சது."

மூன்று பல்கலைக்கழகம் எங்கிருந்து வந்தது என்று எனக்குத் தெரியாது. அது முதலாளியின் கைவண்ணமாக இருக்கும்.

"நான் பணம் காசு பார்க்கற ஆள் இல்லை," என்று தொடர்ந்தார். "ரத்தத்தைப் பார்க்கறவன். உங்க குடும்பப் பெயருக்கு என்ன வரலாறு?"

என் வீட்டுக்காரர் இருமினார். மகள் என் காலை மிதித்தாள். நான் வாயைத் திறந்திருக்கவே கூடாது. ஆனால் சொந்த அப்பாவை அடுத்தவன் சுவரில் பார்த்துவிட்டு வாயை மூடிக்கொண்டிருக்க நான் கல்லால் செய்யப்பட்டவளில்லை.

"சுமை தூக்கறவங்கன்னு அர்த்தம்," என்றேன். "எங்க அப்பா படகுத்துறையில் வேலை பார்த்தார். வெள்ளத்துல இடுப்புல கயிறு கட்டிட்டு இறங்கி முப்பத்தேழு பேரைக் காப்பாத்தினார். ரெண்டு விரல் போச்சு." கைப்பையைத் திறந்து நோட்டீஸையும் நீட்டினேன்.

டைல்ஸ்காரர் அதை வாங்கி, கண்ணாடியை மாட்டி, உரக்கப் படித்தார். "முன்னறிவிப்பின்றி வேலைக்கு வராதது ஒழுங்கீனம்." காகிதத்தின் பின்பக்கத்தைத் திருப்பிப் பார்த்தார். சிங்கத்தைத் தேடினார் என்று நினைக்கிறேன். பிறகு என்னைப் பார்த்தார், பிறகு சுவரைப் பார்த்தார். முகம் மாறியது.

"ஏம்மா, சுவத்துல இருக்கறதை இப்பதான் படிச்சீங்க. உடனே அதை எடுத்து எனக்கே திருப்பிச் சொல்றீங்க. வேலைக்கு மட்டம் போட்ட ஆளுக்கு எங்க முன்னோரோட விரலைக் கொடுக்கறீங்களே, நியாயமா?"

நோட்டீஸை இரண்டு விரலால் பிடித்துத் திருப்பிக் கொடுத்தார். நாங்கள் எழுந்து வந்துவிட்டோம். கொடுத்த ஜூஸை யாரும் குடிக்கவில்லை. என் வீட்டுக்காரர் மட்டும் குடித்தார்.

வீட்டுக்கு வந்ததும் மகள் குளியலறைக் கதவைச் சாத்திக்கொண்டாள். தண்ணீர் விழுகிற சத்தம் மட்டும் வந்தது, அவள் அழுதால் எப்போதும் குழாயைத் திறந்துவிடுவாள். நாலு நாள் கழித்துத்தான் என் எதிரில் வந்து உட்கார்ந்தாள்.

"அம்மா, நீ மன்னிப்பு கேட்டுடு."

"எதுக்குடி? எங்க அப்பாவை நான் திருடினதுக்கா?"

"எனக்குத் தெரியும்மா. அந்த மூணு விரலைப் பிடிச்சிட்டுத்தான் நான் ஸ்கூலுக்குப் போனேன். அந்த பிரேமைப் பார்த்ததும் எனக்கும் புரிஞ்சிடுச்சு, எழுதினது நீதான்னு. ஆனா தாத்தா போய்ட்டார். நான் இருக்கேன்."

பெற்ற வயிறு. கேட்டுவிடுகிறேன் என்றேன்.

அவளே சொன்னாள், பையன் வீட்டில் மூன்று நாளாகச் சாப்பிடாமல் அடம்பிடித்ததில் டைல்ஸ்காரர் கொஞ்சம் இறங்கி வந்திருக்கிறார் என்று. ஆனால் இரண்டு நிபந்தனை. நான் மன்னிப்பு கேட்க வேண்டும். எங்கள் வம்சத்துக்கும் ஒழுங்கான ஆராய்ச்சி நிலையத்திலிருந்து, முத்திரையோடு, ஒரு வரலாறு கொண்டுவர வேண்டும். நல்ல நிலையம் ஒன்று தனக்குத் தெரியும் என்று எங்கள் கடையின் விலாசத்தையே கொடுத்தனுப்பியிருந்தார்.

மறுநாள் முதலாளியிடம் போய் நின்றேன். நடந்ததைச் சொன்னேன். அவர் தலையில் கை வைத்துக்கொண்டார்.

"தம்பி, எனக்கு ஒரு பிரேம் வேணும். எங்க அப்பா கதைதான் வேணும். தளபதியெல்லாம் வேண்டாம், நடந்ததை அப்படியே எழுதிக்கறேன்."

அவர் நோட்டை எடுத்தார், எச்சில் தொட்டுப் பக்கத்தைத் திருப்பினார், ஒரு வரியில் விரலை வைத்தார். "அக்கா, அது டைல்ஸ்காரர் பேர்ல போயாச்சு. ஒரு ஊர், ஒரு கதை. நீங்களே பார்த்தீங்கல்ல, மச்சானுக்குப் பல் போனதை."

"அது என் அப்பா."

"உங்க அப்பாதான். யாரு இல்லைன்னது? ஆனா வித்துப்போச்சேக்கா."

அவர் மேல் எனக்கு வந்த ஆத்திரத்தில் அந்த ஹேர் டிரையரைத் தூக்கி வீசியிருப்பேன். ஆனால் விற்றது யார் என்று யோசித்தால் ஆத்திரம் திரும்பி என்னிடமே வந்தது. உண்மையை ஊரறியச் சொல்லலாம். சொன்னால் கடை போகும், என் வேலை போகும், அந்தப் பையனின் அப்பா ஊர் சிரிக்க நிற்பார், என் மகள் மறுபடி குழாயைத் திறந்துவிடுவாள். இத்தனையும் எதற்கு, சுவரில் மாட்டுகிற ஒரு காகிதத்துக்கு.

"வேற என்ன மிச்சமிருக்கு?" என்றேன்.

முதலாளி முகம் மலர்ந்தது. விற்பனைக்குரல் வந்துவிட்டது. "கருவூலக் காவலர் இருக்கார். அரண்மனைக் கவிஞர் ஒருத்தர் இருக்கார், ஆனா அவர் குடிப்பார்னு எழுதிட்டீங்க. அப்புறம் அரசரோட குதிரை வைத்தியர், ஆறு வருஷமா யாரும் எடுக்கலை. உங்களுக்குன்னா சும்மாவே எடுத்துக்கங்க."

குதிரை வைத்தியரை எடுத்துக்கொண்டேன். எங்கள் வம்சத்தில் குதிரைக்கு மிக அருகில் போனவர் என் சித்தப்பா, அவரையும் அது உதைத்தது. தேநீர் ஒற்றி, கருக்கி, சிங்கத்தை அடித்தபோது அழுகை வரவில்லை. பொய்யென்றால் எனக்கு அழுகை வராது, பழகிவிட்டது.

மன்னிப்பு கேட்டேன். "தப்பாப் பேசிட்டேன்," என்றேன், அந்த பிரேமைப் பார்த்துக்கொண்டே. யாரிடம் கேட்டேன் என்பது எனக்குத் தெரியும். டைல்ஸ்காரர் பெருந்தன்மையாகத் தலையாட்டிவிட்டு எங்கள் வரலாற்றை இரண்டு முறை படித்தார். பிறகு தொடையில் தட்டிக்கொண்டார்.

"பார்த்தீங்களா பொருத்தத்தை. எங்க தளபதியோட குதிரைக்கு உங்காளுங்கதான் மருந்து கொடுத்திருக்காங்க. அப்பவே உறவு இருந்திருக்கு சம்பந்தியம்மா."

என் வீட்டுக்காரர் இருமினார்.

கல்யாணம் பதிவு அலுவலகத்தில் பத்து நிமிஷத்தில் முடிந்தது. மதியம் ஒரு மண்டபத்தில் விருந்து. வாசலில் பூச்செண்டுகளுக்கு நடுவே இரண்டு ஸ்டாண்டில் இரண்டு பிரேமும் நின்றன, எங்களுடையது ஒரு சாண் குட்டை. நோட்டீஸ் என் கைப்பையில்தான் இருந்தது. பேத்தி கல்யாணத்துக்கு அப்பா வர வேண்டாமா, வேறு எப்படித்தான் அவரைக் கூட்டிவருவது.

சாப்பாடு முடிந்ததும் டைல்ஸ்காரரைச் சுற்றி அவர் சொந்தக்காரர்கள் பத்துப் பதினைந்து பேர் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்கள். அவர் கதை சொல்ல ஆரம்பித்தார். பலமுறை சொன்ன கதை என்பது கேட்பவர்களின் முகத்திலேயே தெரிந்தது. "வலது கையில ரெண்டு விரல்," என்று அவர் கையைத் தூக்கிக் காட்டினார்.

"இடது கை," என்றேன்.

எல்லாரும் திரும்பினார்கள். மகள் கையில் இருந்த ஐஸ்கிரீம் கிண்ணம் பாதி வழியில் நின்றது.

"அது பிரேம்ல இல்லையே சம்பந்தியம்மா," என்றார் டைல்ஸ்காரர்.

"வலது கையால ஆளைப் பிடிச்சு இழுக்கணும். அப்பக் கயிறு இடது கையிலதானே சுத்தியிருக்கும். வாளும் கயித்து மேலதானே விழும்."

அவர் எழுந்து நின்று, இல்லாத கயிற்றை இடது கையில் சுற்றி, வலது கையால் காற்றை இழுத்துப் பார்த்தார். "அட, ஆமா," என்றார். "சரியாத்தான் சொல்றீங்க. குதிரை வைத்தியர் குடும்பம் இல்லையா, உடம்பு சூட்சுமம் தெரியுது. மேல சொல்லுங்க, இன்னும் என்ன தோணுது?"

நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தேன். அப்பா போனபிறகு அந்தக் கதையை நான் யாரிடமும் முழுசாகச் சொன்னதில்லை. அன்றைக்குச் சொன்னேன். தண்ணீர் முதலில் முழங்காலுக்கு இருந்ததையும் பிறகு நெஞ்சுக்கு வந்ததையும் சொன்னேன். ஒவ்வொருவரைக் கரையேற்றும்போதும் அவர் எண்ணிக்கையைக் கத்தினார், பதினொன்றை மட்டும் இரண்டு முறை கத்தினார், ஏனென்றால் அது கைக்குழந்தையும் தாயும். தையல் மெஷினை விட்டுவிட்டு வரமாட்டேன் என்று அடம்பிடித்த ஒரு பெண்ணைப் பற்றிச் சொன்னேன்.

"அந்தக் காலத்துல தையல் மெஷினா?" என்றார் ஒரு சொந்தக்காரர்.

"கேடயம்," என்றேன். "வீரன் ஒருத்தன். கேடயத்தை விட்டுட்டு வரமாட்டேன்னான். திட்டிக்கிட்டே அதையும் தூக்கிட்டு வந்தார்."

யாரும் கைபேசியைப் பார்க்கவில்லை. விரல்கள் போனது கரையேறின பிறகுதான் அவருக்கே தெரியும் என்று சொன்னபோது டைல்ஸ்காரர் கைக்குட்டையை எடுத்தார். நிஜமாகவே அழுதார். அந்த நிமிஷத்தில் எனக்கு அவரைப் பிடித்துப்போனது, அதையும் சொல்லிவிட வேண்டும். இனி இவர்தான் ஊர் முழுக்க இதைச் சொல்வார், என் பேரப்பிள்ளைகளுக்கும் இவர்தான் சொல்வார். சொல்வதைச் சரியாகச் சொல்லட்டும்.

"மறுநாள் அவருக்கு மேலிடத்துல இருந்து ஒரு கடிதம் வந்தது," என்றேன். "பாராட்டு இல்லை. முகாம்ல இருக்க வேண்டிய நேரத்துல ஏன் இல்லைன்னு விளக்கம் கேட்டு. அதைச் சாகறவரைக்கும் மடிச்சு வெச்சிருந்தார்."

டைல்ஸ்காரர் மூக்கைத் துடைத்துக்கொண்டார்.

"பாவிகள்," என்றார். "அந்த மனுஷனுக்கா? சம்பந்தியம்மா, அந்தக் கடிதம் மட்டும் எங்கேயாவது கிடைச்சா, என் தலையை அடகு வெச்சாவது வாங்கி ஹால்ல மாட்டிடுவேன்."

மகள் என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். மடியில் இருந்த கைப்பையின் கொக்கி சரியாக மாட்டியிருக்கிறதா என்று ஒரு தடவை அழுத்திப் பார்த்துக்கொண்டேன்.

"கிடைக்காது சம்பந்தி," என்றேன். "அதெல்லாம் அந்த வீட்டாளுங்க கிட்டதான் இருக்கும்."